இனுகாயின் எட்டுப் பாகங்கள்

ஒன்பதாம் பக்கத்தில் செத்துப்போன கிழவன் பன்னிரண்டாம் பக்கத்தில் எழுந்து வந்து சோறு கேட்டான். சும்மா கேட்கவில்லை, ஊறுகாய் எங்கே என்று மருமகளிடம் சண்டை வேறு பிடித்தான். இனுகாய் தமோத்சு எழுதிக் கொண்டுவந்த பாகம் அது. மேசையைச் சுற்றி உட்கார்ந்து படித்துக்கொண்டிருந்த நாங்கள் யாரும் தலை நிமிரவில்லை.

தீவுக்குத் தீவு படகில் போய் வைத்தியம் பார்க்கும் ஒரு பெண்ணின் கதை. சனிக்கிழமை சாயங்காலம் ஐந்தரைக்கு வரும் அனிமே தொடர். அதற்குக் கதைப் பொறுப்பு நான். முழுக்கதையைப் பாகம் பாகமாக வெட்டி, இது உனக்கு, அது அவனுக்கு என்று எழுத்தாளர்களுக்குப் பிரித்துக் கொடுத்து, அவர்கள் எழுதி வருவதைச் செப்பனிட்டு, படம் வரைகிறவர்களிடம் ஒப்படைக்கும் வரை எல்லாம் என் தலைவலி. என் பெயர் குசுமி சிஸுரு. அப்போது வயது ஐம்பத்தைந்து. கோபக்காரி என்று இந்தத் தொழிலில் பெயர் எடுத்திருக்கிறேன். பொய்யில்லை.

வியாழக்கிழமை மதியம் இரண்டு மணிக்குக் கதைக் கூட்டம். அதற்கு ஒரு முறை உண்டு. எழுதியவன் எதிரில் உட்கார்ந்திருப்பான். எல்லோரும் படித்து முடிப்பார்கள். முதலில் தயாரிப்பாளர் பேசுவார், பிறகு இயக்குநர், கடைசியில் நான். யார் பேசினாலும் முதல் வார்த்தை "நல்லா இருந்துச்சு" என்றுதான் இருக்க வேண்டும். குப்பையாக இருந்தாலும் நல்லா இருந்துச்சு. அதற்குப் பிறகுதான் கத்தி.

தயாரிப்பாளர் ஹிராயிவா தொண்டையைச் செருமினார். "நல்லா இருந்துச்சு. அந்த மீன் சந்தைக் காட்சி ரொம்ப நல்லா இருந்துச்சு." அவ்வளவுதான். தேநீர் பாட்டிலைத் திறந்து குடிக்க ஆரம்பித்துவிட்டார்.

இயக்குநர் மகாபே எங்களைவிடப் பதினைந்து வயது சின்னவர். அவருக்கு இனுகாய் மேல் மரியாதை அதிகம். "நல்லா இருந்துச்சு சார். ஒரே ஒரு சந்தேகம். இந்தத் தாத்தா... ஒன்பதாவது பக்கத்துல..."

இனுகாய் பக்கத்தைப் புரட்டினான். முன்னும் பின்னும் இரண்டு முறை புரட்டினான். அவன் காது மடல் சிவந்ததை நான் பார்த்தேன். பிறகு பெரிதாகச் சிரித்தான்.

"ஏம்ப்பா, செத்தவனுக்குப் பசிக்காதா? ஆவியா வர்றான்னு வச்சுக்கயேன். எங்க ஊர்ப் பக்கம் ஆவிங்கதான் ஊறுகாய்க்கு ரொம்ப அடிச்சுக்கும்."

எல்லோரும் சிரித்தோம். தப்பித்தோம் என்று சிரித்தோம். முப்பது வருடமாக இனுகாயை எனக்குத் தெரியும். ஒரே வருடம் தொழிலுக்கு வந்தவர்கள். கமி-இகுசா ரயில் நிலையத்துக்குப் பக்கத்து நூடுல்ஸ் கடையில் நின்றுகொண்டே சாப்பிட்டு வளர்ந்தவர்கள். ஒரு பாத்திரம் எந்தக் கையில் குடை வைத்திருந்தது என்பதைக்கூட மறக்காதவன் அவன். அவனா கிழவனைக் கொன்றதை மூன்று பக்கத்தில் மறந்தான்?

கூட்டம் முடிந்ததும் ஹிராயிவா என்னை மாடிப்படி அருகே நிறுத்தினார்.

"குசுமி மேடம், அடுத்த தடவையிலேர்ந்து அவருக்கு மெயில் அனுப்ப வேணாம், சரியா?"

எங்கள் தொழிலில் யாரையும் வேலையை விட்டு அனுப்புவது கிடையாது. கூட்டத்துக்கு அழைக்கும் மெயில் வராது, அவ்வளவுதான். அவன் நாலு வாரம் காத்திருப்பான், ஐந்தாவது வாரம் புரிந்துகொள்வான். யாரும் யார் முகத்தையும் பார்க்க வேண்டியதில்லை. எத்தனையோ பேருக்கு நானே அப்படிச் செய்திருக்கிறேன். ஆனால் இனுகாய்க்கு என்றதும் எனக்குச் சுர்ரென்று ஏறிவிட்டது.

"ஒரு பாகம் சரியில்லன்னா ஆளையே தூக்கிடுவீங்களா? நீங்க எடுத்த படம் எத்தனை ஓடுச்சு, சொல்லுங்க பார்ப்போம்!"

"கோவப்படாதீங்க. இது மூணாவது பாகம். போன ரெண்டும்கூட..."

"நான் பார்த்துக்கறேன்" என்றேன்.

பார்த்துக்கொண்டேன். அவன் திருத்தி அனுப்பிய இரண்டாம் படி முதல் படியைவிட மோசம். கிழவன் சாகவே இல்லை, ஆனால் எல்லோரும் அழுதார்கள். நான் அவனைக் கூப்பிட்டு, "பிரமாதம்யா, கொஞ்சம் தட்டிக் கொட்டி நானே முடிவுப் படி ஆக்கிடறேன்" என்றேன். கதைப் பொறுப்பில் இருப்பவருக்கு அந்த உரிமை உண்டு. எவ்வளவு மாற்றினாலும் திரையில் எழுதியவர் பெயர்தான் வரும், என் பெயர் வராது. அதுவும் எங்கள் முறைதான். பத்து வரி மாற்றுவதற்காக வந்த முறை அது. நான் மறுநாள் காலையில் உட்கார்ந்து நாலு நாளில் முதல் வரியிலிருந்து கடைசி வரி வரை புதிதாக எழுதினேன்.

அவன் எழுதுவதுபோலவே எழுதினேன். அவன் பாத்திரங்கள் கேட்ட கேள்விக்குப் பதில் சொல்லமாட்டார்கள், வேறு எதையாவது சொல்வார்கள். அழ வேண்டிய இடத்தில் பாத்திரம் கழுவுவார்கள். முப்பது வருடம் பக்கத்தில் நின்று பார்த்ததெல்லாம் எனக்குக் கைவந்துவிட்டது.

சில மாதம் கழித்து ஒரு சனிக்கிழமை அந்தப் பாகம் டிவியில் வந்து முடிந்த மறு நிமிடம் அவன் போன் அடித்தான்.

"பார்த்தியா குசுமி? நல்லா வந்திருக்கு இல்ல? வீட்டுல ஃபுயுகோ அழுதுட்டா. நான் எழுதினதான்னு எனக்கே சந்தேகம் வந்துடுச்சு போ!"

"நீ எழுதாம பின்ன உங்க தாத்தாவா எழுதினாரு?" என்றேன்.

சொல்லும்போது எனக்குப் பெருமையாக இருந்தது. இதை மறைத்து என்ன ஆகப் போகிறது? இணையத்தில் ஜனங்கள் 'இனுகாய் பழைய வேகத்துக்குத் திரும்பிட்டார்' என்று எழுதினார்கள். அந்த வருடத்திலேயே சிறந்த பாகம் என்றார்கள். என் பெயரில் வந்த பாகங்களை யாரும் அப்படிச் சொன்னதில்லை. போகிற வழிக்குப் புண்ணியம், கூடவே கொஞ்சம் புகழ்ச்சியும் காதில் விழுகிறது. விடுவேனா?

அப்படி இரண்டு வருடத்தில் எட்டுப் பாகங்கள். முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைத்தேன். மகாபேவுக்குத் தெரியும், ஹிராயிவாவுக்கும் தெரியும். வியாழக்கிழமை இனுகாய் வருவான், நல்லா இருந்துச்சு என்போம், ஆவி ஊறுகாய் என்று அவன் ஏதாவது ஜோக் அடிப்பான், சிரிப்போம். பாகம் நன்றாக வந்தது, எனவே ஒருவரும் வாயைத் திறக்கவில்லை.

இதில் நான் செய்த பெரிய பாவம் எழுதியதுகூட இல்லை. அதைச் சொல்லத்தான் இவ்வளவு நேரம் சுற்றிக்கொண்டிருக்கிறேன்.

இனுகாய்க்குச் சொந்தமாக ஒரு கதை இருந்தது. மற்றவர்களின் காமிக்ஸையும் நாவலையும் அனிமேவாக மாற்றி மாற்றியே எங்கள் ஆயுசு போகிறது. நாமே யோசித்த கதையை நம் பெயரில் படமாக்கும் பாக்கியம் நூற்றில் ஒருவனுக்குக் கிடைத்தால் அதிகம். அவனுக்கு அந்த வாய்ப்பு வந்தது. ஹிராயிவா ஒருநாள் அவனிடம், "இனுகாய் சார், நாலு வருஷம் கழிச்சு நம்ம கம்பெனி சொந்தக் கதையா ஒரு முழுநீளப் படம் எடுக்கப் போகுது. உங்க மனசுல ஒன்னு இருக்குன்னு சொல்வீங்களே, பத்துப் பக்கம் சுருக்கம் எழுதிக் கொடுங்க, மேலே கொண்டு போறேன்" என்றிருந்தார். இது அந்தக் கிழவன் சோறு கேட்பதற்கு முன்பு நடந்தது.

ஆறாவது பாகம் முடிந்த வசந்தத்தில் இனுகாய் அந்த நூடுல்ஸ் கடையில் என்னிடம் கேட்டான்.

"அடுத்த சீசன் என்னை விட்டுடேன். என் கதையை எழுதணும்."

"ஏன், இப்ப என்ன அவசரம்?"

"தெரியல. ஏதோ அவசரம்னு தோணுது." குச்சிகளைக் கிண்ணத்தின் மேல் வைத்தான். "உனக்குச் சொல்லட்டுமா? ஒரு பொம்பளை இருக்கா, அவ..."

"யோவ், சாப்பிடும்போது கதை சொல்லாதே. எழுதிக்கிட்டு வா, படிக்கறேன். இப்ப எனக்கு ரெண்டு பாகம் வேணும். நீ இல்லாம இந்தத் தொடர் நிக்காது. உன் கதை எங்க ஓடிப் போகப் போகுது?"

ஏன் அப்படிச் சொன்னேன்? அவன் தனியாக வீட்டில் உட்கார்ந்து எழுத ஆரம்பித்தால், தன்னால் எழுத முடியவில்லை என்பது அவனுக்கே தெரிந்துவிடும் என்று பயந்தேன். அவனைக் காப்பாற்றுகிறேன் என்று நினைத்தேன். நான் வேண்டும் என்று கேட்டதில் அவன் முகம் மலர்ந்துவிட்டது. "சரி சரி, கெஞ்சாதே" என்று இன்னொரு கிண்ணம் சொன்னான்.

அதற்கு அடுத்த குளிர்காலத்தில் அவன் மனைவி ஃபுயுகோ ஓகிகுபோவில் ஒரு காப்பிக் கடைக்கு என்னை வரச் சொன்னாள். எங்களைவிட ஆறேழு வயது இளையவள். என்னை அக்கா என்பாள். காப்பி ஆறிப் போகும்வரை கரண்டியைப் போட்டுக் கலக்கிக்கொண்டே இருந்தாள்.

"போலீஸ்காரர்தான் அவரைக் கூட்டிட்டு வந்து வீட்டுல விட்டாரு அக்கா. கமி-இகுசாவுல, உங்க ஸ்டூடியோ இருக்கற தெருவுலயே நின்னுக்கிட்டு, ஸ்டூடியோ எங்கன்னு கேட்டிருக்காரு."

காப்பிக் கோப்பையைத் தள்ளி வைத்தேன்.

"டாக்டர் மூளையைப் படம் எடுத்துப் பார்த்துட்டாரு. மறதி வியாதி, ரெண்டு வருஷத்துக்கு மேலயே இருக்கும்னாரு. ஏம்மா முன்னாடியே கூட்டிட்டு வரலன்னு என்னைத் திட்டறாரு. நான் என்ன சொல்வேன்? எனக்கும் சந்தேகம் இருந்துச்சுதான். குளியல் தொட்டியில தண்ணியைத் திறந்து விட்டுட்டு மறந்துடுவாரு. பேத்தி பேரை மறப்பாரு. ஒவ்வொரு தடவையும் கூட்டிட்டுப் போலாம்னு நினைப்பேன். அதுக்குள்ள சனிக்கிழமை வந்துடும். டிவில அவர் பேரு வரும். இவ்வளவு அருமையா எழுதற மனுஷனுக்கு என்ன வியாதி இருக்க முடியும்னு விட்டுடுவேன்."

அவள் கையைப் பிடித்துக்கொண்டு அழுதாள். அப்போதே சொல்லியிருக்க வேண்டும். சொல்லவில்லை. கோபக்காரி, வாயாடி, யாருக்கும் பயப்படாதவள் என்றெல்லாம் பெயர் வாங்கிய நான் அந்த மேசையில் ஊமையாக உட்கார்ந்திருந்தேன்.

"மருந்து கொடுத்திருக்காரு. தான் எழுதினதையே திரும்பத் திரும்பப் படிக்கச் சொல்லியிருக்காரு. நினைவு கொஞ்சம் பிடிபடுமாம்" என்றாள்.

குரல் பதிவுக்காக அச்சிடும் வசனப் புத்தகம் ஒவ்வொரு பாகத்துக்கும் எழுத்தாளர் வீட்டுக்கு உறையில் போகும். எழுதி முடித்ததைத் திரும்பப் படிக்க எவனுக்கும் நேரம் கிடையாது என்பதால் யாரும் பிரிப்பதில்லை. அவன் வீட்டில் எட்டு உறைகள் பிரிக்கப்படாமல் கிடக்கின்றன. பக்கத்திலேயே அவன் எழுதிய படிகளும் கிடக்கின்றன.

இரண்டு வாரம் கழித்து வியாழக்கிழமை, யாரும் மெயில் அனுப்பாமலே இனுகாய் கூட்டத்துக்கு வந்தான். சவரம் செய்து, கோட்டு போட்டு, முடியைப் படிய வாரியிருந்தான். நோயாளிபோலவே இல்லை. ஃபுயுகோ கதவருகே நின்றுவிட்டாள். அவன் மேசையில் இரண்டு அடுக்குகளை வைத்தான். ஒன்று அச்சான எட்டுப் புத்தகங்கள். மற்றது அவனுடைய காகிதங்கள்.

"உட்காருங்க சார்" என்றார் மகாபே.

"இருக்கட்டும். எல்லாத்தையும் படிச்சேன். பக்கத்துப் பக்கத்துல வச்சு, பென்சிலால கோடு போட்டுப் படிச்சேன். பதினோரு நாள் ஆச்சு." என்னைப் பார்த்தான். "எட்டுப் பாகம் குசுமி. எட்டுலயும் சேர்த்து என்னோடது ஒரே ஒரு வரி. மூணாவது பாகத்துல, 'கதவைச் சாத்து, குளுருது'ன்னு படகுக்காரன் சொல்றான் பாரு, அது. அதை ஏன் விட்டு வச்சே? நல்லா இருந்துச்சா?"

நான்தான் பேசினேன். எல்லாம் தெரிந்த மாதிரி பேசினேன்.

"உன் மெயிலை நிறுத்தச் சொன்னாங்கய்யா. நான் விடல. உன் பேரு கெடக்கூடாதுன்னுதான்..."

"நிறுத்தியிருக்கணும்."

"என்ன?"

"நிறுத்தியிருக்கணும்டி! ஒவ்வொருத்தனுக்கும் செய்வியே, எனக்கும் செஞ்சிருக்கணும்!" மேசையை அறைந்தான். ஹிராயிவாவின் தேநீர் பாட்டில் உருண்டு கீழே விழுந்தது. "மெயில் வரலன்னா ஒரு மாசம் குடிச்சிருப்பேன். உன்னை வாய்க்கு வந்தபடி திட்டியிருப்பேன். அப்புறம் டாக்டர்கிட்ட போயிருப்பேன். இல்ல, என் கதையை எடுத்து வச்சுக்கிட்டு உட்கார்ந்திருப்பேன். அப்போ எனக்கு மூளை இருந்துச்சு. முழுசா இல்லன்னாலும் பத்துப் பக்கம் எழுதற அளவுக்கு இருந்துச்சு. விட்டுடுன்னு உன்கிட்ட வாய்விட்டுக் கேட்டேனா இல்லையா?"

"கேட்டே."

"ரெண்டு பாகம் வேணும்னே. எதுக்கு வேணும்? நீதானே எழுதப் போறே?"

மேலிருந்த புத்தகத்தைத் திருப்பி வைத்தேன்.

அவன் புத்தகங்களை மட்டும் மேசையிலேயே விட்டுவிட்டு, தன் காகிதங்களை மார்போடு அணைத்துக்கொண்டு வெளியே போனான். படியில் இறங்கும்போது ஃபுயுகோ என்னைத் திரும்பிப் பார்த்தாள். அடித்திருந்தால்கூடப் பரவாயில்லை.

மகாபே குனிந்து தரையைத் துடைத்தார். ஹிராயிவா, "அந்தப் படத்துக்கு இன்னும் யாரோட கதையையும் எடுக்கல. மே மாசக் கடைசி வரைக்கும் நான் இழுத்துப் பிடிக்கலாம். பத்துப் பக்கம் போதும்" என்றார்.

உடனே போயிருக்க வேண்டும். எனக்குப் போக முகமில்லை. இன்று போகலாம், நாளை போகலாம் என்று மூன்று மாதம் ஓட்டினேன். கடைசியில் ஃபுயுகோவே போன் செய்தாள். "உங்களைக் கேக்கறாரு. வாங்க" என்றாள். அக்கா என்று சொல்லவில்லை.

மே மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை. இனிப்புப் பயறு ரொட்டி அவனுக்குப் பிடிக்கும் என்று வாங்கிப் போனேன். ஜன்னலோரம் உட்கார்ந்திருந்தான். பாதியாக இளைத்திருந்தான். என்னைப் பார்த்ததும் முகமெல்லாம் சிரிப்பு.

"வா வா! எங்க ஆளையே காணோம்? வியாழக்கிழமை கூட்டம் எப்படிப் போச்சு?"

சண்டை அவனுக்கு நினைவில்லை. என்னை மன்னிக்கவில்லை, மறந்துவிட்டான். இரண்டும் ஒன்றில்லை என்பது அந்த அறையில் நின்றபோதுதான் எனக்கு உறைத்தது.

"கூட்டம் கிடக்குது" என்றேன். காகிதத்தை எடுத்து முழங்கால் மேல் வைத்துக்கொண்டேன். "உன் கதையை எழுத வந்திருக்கேன். நீ சொல்லு, நான் எழுதறேன். ஒரு எழுத்துகூட மாத்த மாட்டேன். ஆவி வந்து ஊறுகாய் கேட்டாலும் அப்படியே எழுதுவேன்."

ஃபுயுகோ எதிரில் வந்து உட்கார்ந்தாள். நான் எதையாவது விட்டுவிட்டால் என்று அவளும் ஒரு பேனா வைத்திருந்தாள்.

இனுகாய் நிமிர்ந்து உட்கார்ந்தான். தொண்டையைச் செருமினான். "ஒரு பொம்பளை இருக்கா" என்றான்.

எழுதினேன்.

"அவ..." கையைக் காற்றில் தூக்கி எதையோ பிடிக்கப் பார்த்தான். "ஒரு பொம்பளை. கடலோரம். இல்ல, கடல் இல்ல. அவ ஒரு..." ஜன்னலைப் பார்த்தான். கீழே யாரோ சைக்கிள் மணி அடித்துக்கொண்டு போனார்கள். கால் மணி நேரம் போயிருக்கும். நெற்றியில் வேர்த்துவிட்டது. ஃபுயுகோ துடைக்கப் போனாள், கையைத் தட்டிவிட்டான். பிறகு, தேடிய சாவி பையிலேயே இருந்ததைக் கண்டவன்போல என்னைப் பார்த்தான்.

"அட, நீ சொல்லேன்! உன்கிட்டதான் எத்தனையோ தடவை சொல்லியிருக்கேனே. அந்தக் கடையில வச்சு."

ஃபுயுகோவும் என்னைப் பார்த்தாள். அவள் பேனா காகிதத்தின் மேல் காத்திருந்தது.

ஒன்றைக் கட்டிச் சொல்லிவிடலாமா என்று எனக்குத் தோன்றியது. பொய் சொல்லவில்லை, தோன்றியது. அவன் நடையில், அவன் குரலில், அந்தப் பெண்ணுக்கு ஒரு பெயர், ஒரு ஊர். பத்துப் பக்கம் எனக்கு ஒரு காலை வேலை. 'அதேதான், அதேதான்' என்று துள்ளிக் குதிப்பான். அதைப் படமாகக்கூட எடுப்பார்கள்.

பேனாவைக் கீழே வைத்தேன்.

"எனக்குத் தெரியாதுய்யா" என்றேன். "நீ சொல்ல வந்தே. ஒவ்வொரு தடவையும் சொல்ல வந்தே. நான் கேக்கவே இல்ல."

அவனுக்குக் கோபம் வரவில்லை. யோசித்தான். பெண்டாட்டியின் முகத்தைப் பார்த்தான், அவள் தலையை ஆட்டினாள். அவளுக்கும் சொன்னதில்லை. படமாக எடுத்த பிறகு முதல் நாள் கூட்டிப்போய்க் காட்டுவதாகச் சொல்லியிருந்தானாம்.

"அப்போ வேற யாருக்குத் தெரியும்?" என்று கேட்டான் இனுகாய்.

நிஜமாகவே கேட்டான். நாங்கள் சொல்வோம் என்று எங்கள் இருவர் முகத்தையும் மாறி மாறிப் பார்த்துக்கொண்டே இருந்தான்.